ஹிரோஷிமா மோன் அமூர் ப்ளூ-ரே: தகஹாஷியின் கேமராவுக்காகவே வாங்கலாம்

இந்த டிஸ்கை வாங்கச் சொல்ல எனக்கு ஒரு காரணம் போதும்: ஒளிப்பதிவாளர் மிச்சியோ தகஹாஷி. 1959ல் வந்த, அலென் ரெனே இயக்கிய இந்தப் படத்தைப் பற்றி யார் பேசினாலும் மார்கெரித் துராஸின் வசனம், எம்மானுவேல் ரிவாவின் முகம் என்று ஆரம்பிப்பார்கள், ஒளிப்பதிவு என்று வந்தால் சாஷா வியர்னியோடு நிறுத்திக்கொள்வார்கள். ஆனால் டைட்டிலில் இரண்டு பெயர்கள் இருக்கின்றன. பிரெஞ்சு நிறுவனங்களோடு ஜப்பானின் டாயெய் ஸ்டுடியோவும் சேர்ந்து தயாரித்த படம் இது. ஜப்பான் பகுதிக்கு தகஹாஷி, பிரான்ஸ் பகுதிக்கு வியர்னி. 1958 கோடையில் ஹிரோஷிமாவுக்கு ரெனேயோடு பிரான்சிலிருந்து போனவர்கள் ரிவா, கண்டினியூட்டி பார்த்த சில்வெத் போத்ரோ என்று விரல்விட்டு எண்ணக்கூடிய சிலர்தான், மற்றபடி யூனிட் முழுக்க ஜப்பானியர்கள். கதாநாயகன் எய்ஜி ஒகாடாவுக்குப் பிரெஞ்சே தெரியாது, உச்சரிப்பை மனப்பாடம் செய்துதான் பேசினார்.

என்னிடம் முன்பு இருந்த பிரதியில் எல்லாமே ஒரே சாம்பலாகக் கிடக்கும், இரண்டு பேர் எடுத்த படம் என்று சொன்னால்கூட நம்பியிருக்க மாட்டேன். 2015ல் அமெரிக்க டிஸ்க் நிறுவனமான க்ரைட்டீரியன் கொண்டுவந்த இந்த ப்ளூ-ரேயில் இருப்பது 4கேயில் மீட்டெடுத்த பிரதி. இத்தாலியின் போலோன்யாவில் வேலை நடந்தது, கிரேடிங்கை, அதாவது படத்தின் ஒளி-இருள் அளவைச் சரிசெய்யும் வேலையை, மேற்பார்வையிட்டவர் ரெனேயின் பிற்காலப் படங்கள் சிலவற்றை ஒளிப்பதிவு செய்த ரெனாட்டோ பெர்ட்டா. ஃபிலிமுக்கே உரிய பொடிப்பொடியான கிரெயினைத் துடைத்து வழுவழுப்பாக்காமல் அப்படியே விட்டிருக்கிறார்கள், அதற்கே ஒரு நன்றி.

சரி, ஒரே ஒரு இடத்தைச் சொல்கிறேன். படத்தில் ரிவா ஹிரோஷிமாவுக்கு வந்த பிரெஞ்சு நடிகை, ஒகாடா அங்கே அவள் காதலிக்கும் ஜப்பானியர், போர்க்காலத்தில் பிரான்சின் நெவேர் ஊரில் அவளுக்கு ஒரு ஜெர்மன் சிப்பாய் காதலனாக இருந்தான். ஹோட்டல் அறையில் காலை நேரம், ரிவா காபிக் கோப்பையோடு வாசலில் நிற்கிறாள், குப்புறப் படுத்துத் தூங்கும் ஒகாடாவின் கை லேசாகத் துடிக்கிறது, அவள் பார்த்துக்கொண்டே இருக்கும்போது சட்டென்று வேறொரு கை வருகிறது, நெவேரில் சாகக் கிடக்கும் ஜெர்மன் காதலனின் கை, அப்புறம் உடனே திரும்ப ஹோட்டல் அறை. மொத்தமே சில வினாடிகள்தான். முதல் கை தகஹாஷி எடுத்தது, இரண்டாவது சில மாதங்கள் கழித்து இன்னொரு கண்டத்தில் வியர்னி எடுத்தது. ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்குத் தாவும் இந்த இடத்தை எடிட்டிங்கின் சாதனையாக மட்டுமே நான் நினைத்திருந்தேன். இந்தப் பிரதியில் வெளிச்சமே மாறுவது தெரிகிறது. ஹோட்டல் அறையின் வெள்ளைத் துணிகள், தோலில் விழும் காலை ஒளி எல்லாம் தொட்டுப் பார்க்கலாம் போல இருக்கின்றன, நெவேரின் வானம் ஈரமாக, வெளிறிப்போய்க் கிடக்கிறது. பதினாலு வருஷத்துக்கு முந்தைய ஞாபகம் என்று யாரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.

கடைசிப் பகுதியின் இரவு நடை இன்னும் அருமை. நியான் விளக்குகள் எரியும் ஹிரோஷிமாத் தெருவில் கேமரா முன்னால் நகர்கிறது, அடுத்த ஷாட்டில் நெவேரின் தெரு, மறுபடி ஹிரோஷிமா, இரண்டு ஊர்களிலும் கேமரா ஒரே மாதிரி நகர்வதால் ஒரே தெருவில் நடப்பது போலவே இருக்கும். தகஹாஷியின் கறுப்பு நல்ல ஆழமான கறுப்பு, அதில் நியான் எழுத்துகள் மிதக்கின்றன. என் பழைய பிரதியில் இந்த இடத்தில் இருட்டைத் தவிர எதுவும் தெரியாது.

ஒன்றைக் கவனியுங்கள், முதல் பதினைந்து நிமிடத்தில் வருவதெல்லாம் தகஹாஷி எடுத்ததல்ல. பழைய ஆவணக் காட்சிகளும், 1953ல் வந்த ஒரு ஜப்பானியப் படத்தின் துண்டுகளும் கலந்திருக்கின்றன. அருங்காட்சியகத்துக்குள்ளும் மருத்துவமனைத் தாழ்வாரத்திலும் மெதுவாக ஊர்ந்துபோகும் அந்த ட்ராலி ஷாட்டுகள் அவருடையவை.

எக்ஸ்ட்ராஸ் நிறையவே உண்டு: சினிமா வரலாற்றாசிரியர் பீட்டர் கோவியின் கமெண்ட்டரி, ரெனேயின் 1961, 1980 பேட்டிகள், ரிவாவின் 1959, 2003 பேட்டிகள், மீட்டெடுப்புப் பணி பற்றிய ஒரு நிகழ்ச்சி. ரிவா பேசுவதை மட்டும் தவறவிடாதீர்கள். தகஹாஷிக்கென்று தனியாக எதுவும் இல்லை என்பதுதான் எனக்கு மனக்குறை, அரை மணி நேரம் அவரைப் பற்றி யாராவது பேசியிருந்தால் டிஸ்கின் மதிப்பே வேறு.

வாங்கும் முன் ஒரு விஷயம்: இது ரீஜன் ஏ டிஸ்க் (ப்ளூ-ரேக்கு உலகை ஏ, பி, சி என்று பிரித்திருக்கிறார்கள், ஒரு பகுதியின் டிஸ்க் இன்னொரு பகுதியின் ப்ளேயரில் ஓடாதபடி பூட்டலாம்). இந்தியா ரீஜன் சியில் வருகிறது, அதனால் இங்கே விற்கும் சாதாரண ப்ளேயரில் ஓடாது, மல்ட்டி ரீஜன் ப்ளேயர் இருந்தால் மட்டும் ஆர்டர் போடுங்கள். போட்டதும் அறை விளக்குகளை எல்லாம் அணைத்துவிடுங்கள், அந்த இரவு நடைக்கு அது கட்டாயம் வேண்டும்.