விலகிப் போவதா, சுவர் எழுப்புவதா, சங்கு ஊதுவதா: கரிபால்டி மலையடிவாரத்தில் மூன்று வழிகள்

கனடாவின் மேற்குக் கரையில், வான்கூவரிலிருந்து வடக்கே போகும் சாலை ஹவ் சவுண்ட் என்ற கடல்நுழைவை ஒட்டியே வளைந்து வளைந்து போகும். அந்த நுழைவு முடிகிற இடத்தில் இருப்பது ஸ்குவாமிஷ் ஊர். ஊருக்குப் பின்னால் 2,678 மீட்டர் உயரத்தில் பனி போர்த்து நிற்கிறது கரிபால்டி எரிமலை. அந்த மண்ணின் பூர்வகுடிகளான ஸ்குவாமிஷ் மக்கள் அதற்கு வைத்த பெயருக்கு 'அழுக்கான இடம்' என்று பொருள். மலையிலிருந்து இறங்கும் சீகை ஆறு எப்போதும் சேறும் கல்லும் கலந்து கலங்கலாக ஓடுவதைப் பார்த்து வைத்த பெயர். ஆற்றின் பெயரும் அதிலிருந்து மருவியதுதான்.

இந்த மலைக்கு ஏன் இவ்வளவு சேறு? சுமார் 13,000 ஆண்டுகளுக்கு முன் இது வெடித்தபோது பள்ளத்தாக்கு முழுக்கப் பனிப்பாளம் நிறைந்திருந்தது. எரிமலையின் மேற்குப் பக்கம் பாறை மீது எழும்பாமல் அந்தப் பனியின் மீதே எழும்பிவிட்டது. பனி உருகியது, முட்டுக்கொடுக்க ஒன்றும் இல்லாமல் அந்தப் பக்கம் அப்படியே சரிந்தது. சரிந்த மண்ணை ஆறு அடித்துவந்து விசிறி போல் பரப்பிய மேட்டில்தான் இன்று பிராக்கன்டேல் குடியிருப்பு இருக்கிறது. சரிந்த பிறகு மேலே மிச்சமாக நிற்கும் பாறையும் உறுதியானது இல்லை.

இப்படிப்பட்ட மலைகளின் கீழே வாழ்பவர்களுக்கு மூன்று வழிகள் உண்டு. இடத்தைக் காலி செய்வது, வருவதைச் சுவர் கட்டித் தடுப்பது, எச்சரிக்கை வந்ததும் ஓடுவது. இந்த மூன்றும் இந்தப் பகுதியின் மூன்று பள்ளத்தாக்குகளில் பேச்சாக இல்லாமல் நடைமுறையாகவே இருக்கின்றன. எது சரி என்று பொதுவாகக் கேட்டால் பதில் கிடைக்காது. எவ்வளவு வரும், எவ்வளவு தூரத்திலிருந்து வரும் என்று கேட்டால் கிடைக்கும்.

முதலில் காலி செய்த ஊர். கரிபால்டி ஏரியைத் தாங்கிப் பிடித்திருப்பது 'தி பேரியர்' என்ற எரிமலைக் குழம்புப் பாறைச் சுவர். பக்கத்து எரிமலையிலிருந்து வழிந்த குழம்பு, பள்ளத்தாக்கில் மிஞ்சியிருந்த பனி மீது மோதி அங்கேயே நின்று இறுகியது. பனி போன பிறகு சுமார் 300 மீட்டர் உயரச் செங்குத்து முகம் மட்டும் நின்றுவிட்டது. பின்னால் 250 மீட்டருக்கும் மேல் ஆழமுள்ள ஏரி. ஏரி நீர் சுவருக்குள் கசிந்து, அடியில் ஊற்றாகக் கிளம்பி, ரப்ள் க்ரீக் என்ற ஓடையாக ஓடுகிறது. 1855-56இல் இந்தச் சுவரின் ஒரு பகுதி உடைந்து, சுமார் 3 கோடி கன மீட்டர் பாறை 6 கிலோமீட்டர் உருண்டு செக்கமஸ் ஆறு வரை வந்தது. அதற்குச் சாட்சி சொன்னவை அங்கிருந்த மரங்களின் வளையங்கள்.

அந்த ஓடையின் வாயில்தான் கரிபால்டி என்ற சிறு கிராமம் இருந்தது. அங்கே மேலும் மனை பிரிக்க அனுமதி மறுக்கப்பட்டு, விஷயம் நீதிமன்றத்துக்குப் போனது. 1973இல் நீதிபதி தாமஸ் பெர்கர் அந்த மறுப்பு சரியே என்று தீர்ப்பளித்தார். 1980இல் மாகாண அரசு, இந்த இடம் குடியிருக்க ஏற்றதல்ல என்று உத்தரவு போட்டது, ஊர் காலியானது.

இது சரியான முடிவு என்றே நான் உறுதியாக நினைக்கிறேன். 3 கோடி கன மீட்டர் பாறையை நிறுத்தும் சுவரை யாரும் கட்ட முடியாது. எச்சரிக்கைச் சங்கு ஊதினாலும் 6 கிலோமீட்டர் தூரத்துக்கு மிஞ்சுவது சில நிமிடங்கள்தான்; நள்ளிரவில் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு வருவதற்கே அது போதாது. ஆனால் தீர்ப்புக்கும் உத்தரவுக்கும் நடுவில் ஏழு வருடம் போனது. அத்தனை நாளும் அந்த மக்கள் எந்த நிச்சயமும் இல்லாமல் இருந்தார்கள். அது நியாயமே இல்லை.

காலி செய்ததும் முழுசாக இல்லை. ஏரிக்குப் போகும் மலைப்பாதை இன்றும் கோடையில் கூட்டமாக இருக்கிறது. வழியில், இங்கே கூடாரம் போடாதீர்கள், தேவையில்லாமல் நின்று நேரம் கழிக்காதீர்கள் என்று ஒரு பலகை. காட்டைத் தாண்டி ஒரு திருப்பத்தில் அந்தச் செம்பழுப்புச் சுவர் முழுசாகத் தெரியும். அடியில் உடைந்த கல் குவிந்து கிடக்கும். பலகையைப் படித்தவர்களும் அங்கே நின்று படம் எடுக்கத்தான் செய்கிறார்கள். கீழே நெடுஞ்சாலையும் 1957இல் கட்டிய டெய்சி ஏரி அணையும் அதே பள்ளத்தாக்கில்தான் இருக்கின்றன.

அடுத்தது சுவர். சீகை ஆறு பரப்பிய அந்த விசிறி மேட்டில் கதை வேறு. இங்கே மேலே ஏரி இல்லை. பெருமழையில் சேறும் பாறையும் சேர்ந்து கரைந்து வருவதுதான் பயம். 1958 ஆகஸ்டில் அப்படி வந்தது செக்கமஸ் ஆற்றையே சிறிது நேரம் மறித்தது. இதைத் தடுக்க ஆற்றின் குறுக்கே 20 மீட்டருக்கும் மேல் உயரமான கான்கிரீட் தடுப்பு ஒன்று திட்டமிடப்பட்டது. கூடவே விசிறியின் மீது ஆயிரத்துக்கும் மேற்பட்ட புது வீடுகள். சாதாரண நாளில் தண்ணீர் தடுப்பின் திறப்பு வழியே போய்விடும். பெரிய ஓட்டம் வந்தால் பாறையும் மரமும் பின்னால் தங்கிவிடும்.

இதில் எனக்குப் பாதி சம்மதம்தான். ஏற்கெனவே அங்கே வாழ்பவர்களுக்கு இந்தச் சுவர் அவசியம். ஆனால் தடுப்பு என்பது ஒரு பாத்திரம். ஒரு முறை நிறைந்தால், அடுத்த மழைக்கு முன் லாரி லாரியாக அள்ளிக் காலி செய்ய வேண்டும். அந்த வேலை பத்து வருடத்தில் முடிவதில்லை, வீடுகள் இருக்கும் வரை தொடரும். சுவர் வரும் என்ற நம்பிக்கையில் இன்னும் ஆயிரம் குடும்பங்களை விசிறியின் மேல் கொண்டுவருவது ஆபத்தைக் குறைக்கிற கையாலேயே கூட்டுவதாகும். (இன்னொன்றும் சொல்ல வேண்டும். மலை கொட்டும் இந்தச் சரளைதான் சால்மன் மீன் முட்டையிட இடம் தருகிறது. மீனுக்காகக் குளிர்காலத்தில் வெண்டலைக் கழுகுகள் வருகின்றன. 1994இல் பிராக்கன்டேலில் ஒரே நாளில் 3,769 கழுகுகளை எண்ணினார்கள். சரளையை அடியோடு நிறுத்துவதும் கேடுதான்.)

மூன்றாவது, எச்சரிக்கை. வடக்கே மீகர் எரிமலை. 1975இல் அங்கே சரிந்த மண் நான்கு புவியியலாளர்களின் உயிரைக் குடித்தது. 2010 ஆகஸ்ட் 6 அதிகாலையில் சுமார் 5 கோடி கன மீட்டர் மலை சரிந்து மீகர் ஓடையையும் லிலூயட் ஆற்றையும் மறித்தது. ரப்ள் க்ரீக்கில் வந்ததைவிட இது பெரிது. ஆனாலும் ஒருவரும் சாகவில்லை. பெம்பர்டன் ஊர் அங்கிருந்து ஆற்றோடு சுமார் 65 கிலோமீட்டர் கீழே இருக்கிறது. ஓடையை மறித்த மண் உடைய ஏறக்குறைய 19 மணி நேரம் ஆனது. அதற்குள் சுமார் 1,500 பேரை மேட்டுக்கு நகர்த்திவிட்டார்கள். தூரம்தான் அவர்களுக்கு நேரம் வாங்கிக் கொடுத்தது. எல்லைக்கு அப்பால், அமெரிக்காவின் ரெய்னியர் எரிமலைக்குக் கீழே ஆர்டிங் என்ற ஊரும் இதே நம்பிக்கையில் சங்கு வைத்திருக்கிறது. அங்கே கிடைப்பது ஏறக்குறைய ஒரு மணி நேரமே. அதனால் பள்ளிப் பிள்ளைகளை மேட்டுக்கு நடத்திக் கூட்டிப்போய்ப் பழக்குகிறார்கள்.

ஆனால் சங்கு காப்பாற்றுவது ஆளை மட்டும்தான். மீகரில் சரிந்த மண் இன்னும் ஆற்றோடு இறங்கிக்கொண்டிருக்கிறது. படுகை உயர உயர, பெம்பர்டனின் கரைமேடுகள் தாங்கும் வெள்ளத்தின் அளவு குறைகிறது. இந்த மெல்லிய ஆபத்துக்கு எந்தச் சங்கும் ஊதாது. வருடாவருடம் படுகையை அளந்து, கரையை உயர்த்தித்தான் ஆக வேண்டும். பனியாறுகள் சுருங்கச் சுருங்க மீகரின் சரிவுகள் பிடிமானம் இழந்து வருவதால் இந்த வேலை குறையப்போவதும் இல்லை.

மூன்றில் மக்கள் அதிகம் வெறுப்பது முதல் வழியைத்தான். வீட்டை விட்டுப் போவது யாருக்கும் எளிதல்ல. ஆனால் கரிபால்டி கிராமத்துக்காரர்களுக்கு மாற்று மனைகள் கிடைத்தது வேறு மாகாணத்தில் அல்ல. அதே நெடுஞ்சாலையில் சற்று வடக்கே, சரிவின் பாதைக்கு வெளியே, பைன்கிரெஸ்ட், பிளாக் டஸ்க் என்று இரண்டு குடியிருப்புகள் வந்தன.