ஆண்களும் பெண்களும் ஒரே மைதானத்தில்: மேலூர்ச் சாலைப் பயிற்சி மையம் பற்றி ஒரு மதிப்புரை

மதுரையிலிருந்து மேலூர் செல்லும் சாலைப் பக்கம், யானைமலை கண்ணுக்கு நேரே தெரியும் ஒரு மைதானத்தில், காவலர் தேர்வுக்கும் ராணுவத்தின் அக்னிவீர் தேர்வுக்கும் உடற்தகுதிப் பயிற்சி தரும் மையம் ஒன்று நடந்து வருகிறது. அரசுப் பள்ளி உடற்கல்வி ஆசிரியை என்ற முறையில், பிளஸ் டூ முடித்துவிட்டுச் சீருடைப் பணிக்குப் போக ஆசைப்படும் பிள்ளைகளை அங்கே அனுப்பி வருகிறேன். அவர்களில் பாதிக்கு மேல் பெண்கள். எங்கள் பக்கத்தில் பல மையங்கள் பெண்களுக்கென்று தனி நேரம் ஒதுக்கிவிடுகின்றன. இங்கே அப்படி இல்லை. காலை ஐந்தரை மணிக்கு ஒரே விசிலுக்கு இருபாலரும் ஒரே வரிசையில் வந்து நிற்கிறார்கள். பெற்றோர் என்னிடம் முதலில் கேட்பது இதைப் பற்றித்தான் என்பதால், பார்த்ததையும் விசாரித்து அறிந்ததையும் இங்கே எழுதுகிறேன்.

சேர்த்துப் பயிற்சி கொடுப்பது ஏதோ புதுமைக்காகச் செய்யப்படும் காரியமல்ல. சென்னை பரங்கிமலையில் உள்ள ராணுவ அதிகாரிகள் பயிற்சி அகாடமியில் 1992 முதல் பெண்களும் பயிற்சி பெற்று வருகிறார்கள். நிறைவு விழா அணிவகுப்பில் ஆண்களும் பெண்களும் ஒன்றாகவே நடக்கிறார்கள். உச்ச நீதிமன்றம் 2021 ஆகஸ்டில் பிறப்பித்த இடைக்கால உத்தரவால் புனே அருகே கடக்வாஸ்லாவில் உள்ள தேசிய பாதுகாப்பு அகாடமியின் கதவும் திறந்தது. 2022-இல் அங்கே சேர்ந்த முதல் பெண்கள் அணியிலிருந்து 17 பேர் 2025 மே மாதம் ஆண் பயிற்சி மாணவர்களோடு சேர்ந்து பயிற்சி முடித்து வெளியேறினார்கள். நாளைக்கு ஆண்கள் நிறைந்த அணியில் நின்று கட்டளை கேட்கவும் கட்டளை கொடுக்கவும் வேண்டிய பெண், அந்தப் பழக்கத்தைப் பத்தொன்பது வயதில் ஊர்ப் பக்கத்து மைதானத்திலேயே தொடங்குவது நல்லது என்பது என் உறுதியான எண்ணம். அவளோடு ஓடும் பையனுக்கும் அது அதே அளவுக்குத் தேவை. பெண் ஒருத்தி வரிசைத் தலைவியாக நின்று எண்ணிக்கை சொல்லும்போது சிரிக்காமல் பதில் குரல் கொடுக்க அவனும் பழக வேண்டும் அல்லவா?

ஆனால் ஒன்றாகப் பயிற்சி பெறுவது வேறு, ஒரே அளவுகோலால் அளக்கப்படுவது வேறு. இந்த மையத்தின் சிறப்பு, இந்த வேறுபாட்டை மாஸ்டர் தெளிவாகப் புரிந்து வைத்திருப்பதுதான். ராணுவத்தில் ஹவில்தாராக இருந்து ஓய்வு பெற்றவர் அவர். தமிழ்நாட்டில் இரண்டாம் நிலைக் காவலர் தேர்வில் ஆண்கள் 1500 மீட்டரை 7 நிமிடத்தில் முடிக்க வேண்டும். பெண்களுக்கு 400 மீட்டர், இரண்டரை நிமிடம். ராணுவக் காவல் பிரிவுக்குப் போகும் பெண்கள் 1.6 கிலோமீட்டரை 8 நிமிடத்துக்குள் ஓட வேண்டும். ஆண்கள் அதே தூரத்தை ஐந்தரை நிமிடத்துக்குள் முடித்தால்தான் ஓட்டத்துக்குரிய முழு மதிப்பெண். நான் பார்த்த ஒரு காலை, மாஸ்டர் இரண்டு கைகளிலும் இரண்டு ஸ்டாப்வாட்ச் வைத்துக்கொண்டு முடிவுக் கோட்டில் நின்றார். எல்லோரையும் ஒன்றாகத்தான் ஓட விட்டார். ஆனால் வலக்கைக் கடிகாரத்தின் நேரத்தை ஆண்களுக்கும் இடக்கைக் கடிகாரத்தின் நேரத்தைப் பெண்களுக்கும் வாசித்து, இரண்டு தனி நோட்டுகளில் எழுத வைத்தார். கடைசிச் சுற்றில் ஒரு பையன், முன்னால் ஓடிய பெண்ணை முந்துவதற்காக மூச்சைப் பிடித்துக்கொண்டு பாய்ந்து, கோட்டைத் தொட்டதும் குனிந்து வாந்தி எடுக்கும் நிலைக்குப் போனான். "தம்பி, அந்தப் பிள்ளை கூட உனக்குப் போட்டி இல்லைடா. உன் நேரத்தோடதான் உனக்குப் போட்டி" என்று முதுகைத் தட்டிக் கொடுத்துத் தண்ணீர் தரச் சொன்னார். கயிறு ஏறுவது காவலர் தேர்வில் பெண்களுக்குக் கிடையாது; ஆனாலும் ஏற விரும்பும் பெண்களை அவர் தடுப்பதில்லை. மேலூர்ப் பக்கத்துக் கிராமத்துப் பெண் ஒருத்தி உள்ளங்கை சிவக்கச் சிவக்க உச்சி வரை ஏறி மணியை அடித்ததை அங்கிருந்த பையன்கள் கைதட்டிப் பாராட்டினார்கள்.

குறை இருக்கிறது, அது சிறிய குறையும் அல்ல. வாரத்தில் இரண்டு நாள் நடக்கும் நீண்ட ஓட்டத்தையும் மார்ச்சிங் பயிற்சியையும் உதவிப் பயிற்சியாளர் ஒருவர் நடத்துகிறார். அவர் வரிசையின் முன்னால் உயரமான பையன்களை நிறுத்தி, அவர்கள் கால் எட்டி வைக்கும் அளவையே எல்லோருக்கும் அளவாக்கிவிடுகிறார். 159 சென்டிமீட்டர் உயரமுள்ள பெண், 175 சென்டிமீட்டர் உயரமுள்ள பையனின் காலடிக்கு ஈடு கொடுக்கத் தன் இயல்புக்கு மீறி எட்டு வைக்கும்போது, இடுப்பெலும்பும் முழங்காலுக்குக் கீழுள்ள முன்னெலும்பும் தாங்க வேண்டிய சுமை கூடுகிறது. என் மாணவிகளில் ஒருத்தி முன்னெலும்பு வலியோடு பல வாரம் ஓடியிருக்கிறாள். ஓய்வு கேட்டால் சோம்பேறி என்று நினைத்துவிடுவார்களோ என்று அஞ்சி யாரிடமும் சொல்லவில்லை. கடைசியில் எலும்பில் கீறல் என்று மருத்துவர் சொன்ன பிறகுதான் வீட்டுக்கே தெரிந்தது. இதை நான் கடுமையாகவே சொல்ல வேண்டியிருக்கிறது: இதைக் கண்டுபிடிக்க வேண்டியது பயிற்சி தருபவரின் பொறுப்பு, பிள்ளையின் பொறுப்பல்ல.

இது உலகப் படைகள் பட்டறிந்து கற்ற பாடம். பிரிட்டன் ராணுவம் 1990-களின் இறுதியில் ஆண், பெண் இருபாலருக்கும் ஒரே அளவுகோலில் அடிப்படைப் பயிற்சியை நடத்தியபோது, காயத்தால் பயிற்சியை விட்டு விலக நேர்ந்த பெண்களின் விகிதம் கூடியது. பின்னர் அங்கே பெண்களுக்குத் தனிப் பிரிவுகளை அமைத்தார்கள். பெண்கள் இயல்பான எட்டு வைத்து நடக்க அனுமதித்த இடங்களில் இடுப்பெலும்புக் கீறல்கள் குறைந்தன என்பதும் பதிவாகியிருக்கிறது. அதற்காக, பெண்களை மைதானத்திலிருந்தே பிரித்துவிட வேண்டும் என்று நான் சொல்ல வரவில்லை. குட்டையானவர்களை வரிசையின் முன்னால் நிறுத்தி அவர்கள் எட்டுக்கு மற்றவர்களை நடக்கச் செய்தாலே பாதிப் பிரச்சினை தீர்ந்துவிடும். மீதிப் பாதி, வாரத்துக்கு வாரம் தூரத்தைப் படிப்படியாக ஏற்றுவதிலும் சாப்பாட்டிலும் இருக்கிறது. 2019-21 தேசிய குடும்ப நல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயதுள்ள பெண்களில் பாதிக்கு மேற்பட்டோருக்கு இரத்தசோகை உண்டு. ஹீமோகுளோபின் அளவைப் பார்க்காமலேயே ஒரு பெண்ணை 5 கிலோமீட்டர் ஓட விடுவது எந்த விதத்திலும் நியாயமில்லை. மையத்தில் காலையில் தரும் கேப்பைக் கூழும் சுண்டலும் நன்றாகவே இருக்கின்றன. ஆனால் சேர்க்கையின்போது இரத்தப் பரிசோதனை கேட்பதில்லை. மாஸ்டரிடம் நேரில் சொன்னேன். அடுத்த பேட்ச்சிலிருந்து கேட்பதாகச் சொன்னார்.

மற்ற வசதிகளில், பெண்கள் விடுதி மைதானத்துக்கு எதிரே தனிக் கட்டடத்தில் இருக்கிறது. இரவுக் காவலுக்கும் மேற்பார்வைக்கும் காவல் துறையில் பணியாற்றி ஓய்வு பெற்ற அம்மா ஒருவர் அங்கேயே தங்குகிறார். ஒன்றாக ஓடட்டும், தனியாகத் தங்கட்டும் என்ற இந்த ஏற்பாட்டில் பெற்றோர் நிம்மதி அடையலாம். மைதானத்தில் பெண்களுக்கு ஒரே ஒரு கழிப்பறைதான்; உடை மாற்ற அறை இல்லை. மாதவிடாய் நாட்களில் இது எவ்வளவு பெரிய தொல்லை என்பதை ஆண் பயிற்சியாளர்கள் யோசித்துப் பார்த்ததாகத் தெரியவில்லை. பெண் பயிற்சியாளர் ஒருவர் இருக்கிறார், குண்டு எறிதலை மிக நன்றாகச் சொல்லித் தருகிறார்; அவர் காலையில் மட்டும் வருவதால், மாலைப் பயிற்சியில் வலியோ சங்கடமோ சொல்லப் பெண்களுக்கு ஆள் இல்லை.

எழுத்துத் தேர்வு வகுப்பு சுமார் ரகம். அதற்காக இங்கே சேர வேண்டியதில்லை. கட்டணம் மைதானப் பயிற்சிக்கு மாதம் 2500 ரூபாய்; விடுதியும் சாப்பாடும் சேர்த்தால் 8000. இந்தப் பக்கத்தில் இது நடுத்தரமான கட்டணமே.

உங்கள் மகளையோ மகனையோ இங்கே சேர்க்கலாம் என்றுதான் சொல்வேன். மகளைச் சேர்ப்பதானால், முதலில் அரசு மருத்துவமனையில் இரத்தப் பரிசோதனை செய்து அந்தச் சீட்டை மாஸ்டர் கையில் கொடுங்கள். நீண்ட ஓட்ட நாட்களில் வரிசை எப்படி நிற்கிறது என்று ஒருமுறை காலையில் நேரில் போய்ப் பாருங்கள். கால் வலித்தால் அன்றே சொல்லும்படி பிள்ளையிடமும், சொன்னால் ஓட விடாமல் உட்கார வைக்கும்படி மாஸ்டரிடமும், இருவரையும் ஒரே இடத்தில் வைத்துக்கொண்டு பேசிவிடுங்கள். புதிய பேட்ச்சுக்கான சேர்க்கை ஒவ்வொரு மாதமும் முதல் வாரத்தில் மைதானத்திலேயே நடக்கிறது. காலை எட்டு மணிக்கு மேல் போனால் மாஸ்டர் நின்று பேச நேரம் ஒதுக்குகிறார்.