லெமன் சைப்ரஸ்: இரண்டைக் கொன்றபின் எழுதும் விமர்சனம்

டிசம்பர் பிறந்தால் ரொறன்ரோவில் எந்தச் சுப்பர்மார்க்கெட்டுக்குப் போனாலும் வாசலிலேயே அடுக்கி வைத்திருப்பார்கள். முழங்கால் உயரம்தான். கூம்பு வடிவம், மஞ்சள் கலந்த பச்சை, சாடியைச் சுற்றித் தங்க நிறத் தாள், சிவப்பு ரிபன். இலையைத் தேய்த்து மணந்தால் தேசிக்காய் வாசம். லெமன் சைப்ரஸ் என்று பெயர். விலை இருபது டொலர். நான்கு வருடத்தில் மூன்று வாங்கினேன், இன்றைக்கு உயிரோடு இருப்பது ஒன்று.

முதலாவதை வீட்டுக்குக் கொண்டுவந்த அன்று அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு சுற்றிச் சுற்றிப் பார்த்தார். "தம்பி, இது சவுக்கு எல்லே? இதுக்கோ இருபது டொலர்?" சவுக்கு இல்லை, நுவரெலியாவில் நிற்குமே சைப்ரஸ், அந்தச் சாதி என்றேன். அங்கே பார்த்த ஞாபகத்தில் இது குளிருக்கென்றே பிறந்த மரம் என்ற எண்ணம் எனக்கு. நுவரெலியாக் குளிருக்கு ஒரு ஸ்வெற்றர் போதும் என்பது அந்த நேரம் நினைவுக்கு வரவில்லை.

சாடியில் ஒரு பிளாஸ்டிக் அட்டை குத்தியிருந்தது. அதில் ஒரு சூரியன் படம், ஒரு தண்ணீர்த் துளி, 'எப்போதும் பச்சை' என்ற வாசகம். அவ்வளவுதான். என் கோபமெல்லாம் மரத்தின் மேலல்ல, இந்த அட்டையின் மேல்.

அப்போது நாங்கள் அப்பார்ட்மெண்டில் இருந்தோம். வரவேற்பறை யன்னல் வடக்குப் பார்த்தது, அதன் கீழே ஹீற்றர். அங்கேதான் வைத்தேன். இந்த மரத்துக்கு ஒரு நாளைக்கு ஆறு மணி நேரமாவது நேர் வெயில் வேண்டும். ரொறன்ரோவில் டிசம்பர் 21 அன்று பகலே ஒன்பது மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு, நண்பகலில்கூடச் சூரியன் அடிவானத்திலிருந்து 23 பாகைக்கு மேல் ஏறாது. வடக்கு யன்னலுக்கு அதிலும் ஒரு கீற்றுக் கிடையாது. ஹீற்றர் காற்று இலையை உலர்த்த, நான் அதைப் பார்த்துத் தண்ணீர் ஊற்ற, ஊற்றிய தண்ணீர் அந்தத் தங்கத் தாளுக்குள் தேங்கி வேரை அழுகவைத்தது. மேலே வறட்சி, கீழே வெள்ளம். தைப்பொங்கலன்று தொட்டேன், பொலபொலவென்று உதிர்ந்தது. இந்த வகை மரத்தில் காய்ந்து பழுப்பான கிளை மறுபடி துளிர்க்காது. கடையில் திருப்பிக் கொடுக்கப் போனால், "அது அலங்காரப் பொருள் சேர், செடிக் கணக்கில் வராது" என்றான் கவுண்டரில் நின்ற பெடியன். அதையாவது அட்டையில் போட்டிருக்கலாம்.

அடுத்த வருடம் புத்தி வந்ததாக நினைத்து இரண்டாவதைப் பல்கனியில் வைத்தேன். வெளிச்சம் தாராளம், ஹீற்றர் இல்லை. ஆனால் இந்த மரத்தின் சொந்த ஊர் கலிபோர்னியாவின் மொன்ரரே கடற்கரை. பொயின்ற் லோபோஸ், சைப்ரஸ் பொயின்ற் என்று பக்கத்துப் பக்கத்தில் இரண்டே இடங்களில்தான் இயற்கையாக நிற்கிறது. கடல் மூடுபனியில் வளர்கிற மரம், தண்ணீர் உறைகிற குளிரையே அபூர்வமாகத்தான் காணும். தரையில் வேரோடிய பெரிய மரமே மைனஸ் 15 பாகையில் திணறும் என்றால், நாலு பக்கமும் குளிர் ஏறுகிற சாடியில் வேர் என்ன செய்யும்? ஜனவரியில் ஒரு இரவு மைனஸ் 20. மண் கல்லாகிவிட்டது.

கொடுமை என்னவென்றால், மரம் பச்சையாகவே நின்றது. வெட்டிய கிறிஸ்மஸ் மரம் வாரக்கணக்கில் பச்சையாக நிற்பதில்லையா, அப்படி. ஸ்னோ கரைகிற நாட்களில் நானும் விடாமல் தண்ணீர் ஊற்றினேன். ஏப்ரல் வரை பொறுங்கள், துளிர்க்கும் என்று அம்மாவிடம் வேறு சொல்லி வைத்தேன். மார்ச் நடுவில்தான் நிறம் மாறியது. ஒன்றரை மாதமாகச் செத்த மரத்துக்குத் தண்ணீர் ஊற்றியிருக்கிறேன்.

மூன்றாவது பிழைத்ததற்குக் காரணம் ஸ்காபரோவில் நாங்கள் வாங்கிய வீட்டின் கராஜ். ஹீற்றர் கிடையாது, ஆனால் வீட்டோடு ஒட்டியிருப்பதால் உறையவும் உறையாது. தெற்கே ஒரு யன்னல். தாளைக் கிழித்து எறிந்துவிட்டு அங்கே வைத்தேன், இரண்டு கிழமைக்கு ஒருமுறை அளவாகத் தண்ணீர். மே கடைசியில் வெளியே எடுத்து, முதல் வாரம் நிழலில் நிறுத்தி, மெல்ல மெல்ல வெயிலுக்கு நகர்த்தினேன். வேலி நிழலில் நின்றவரை வெறும் பச்சை, வெயில் பட்டதும்தான் அந்தத் தங்க நிறம் ஏறியது. இப்போது தொடை உயரம். மரத்துக்கு ஐந்தில் மூன்று தருவேன். அட்டைக்குப் பூச்சியம்.

வளவில் தரையிலேயே ஒரு சைப்ரஸ் நட ஆசை வந்ததும் சுப்பர்மார்க்கெட்டை விட்டுவிட்டு, ஒரு மணி நேரம் வடக்கே ஓடி ஒரு நாற்றுப்பண்ணைக்குப் போனேன். அங்கிருந்த வயதான அம்மையார் விலை சொல்லமுன் கேள்விதான் கேட்டார். வீடு எந்தத் திசை? குளிர்காலத்தில் காற்று எங்கேயிருந்து அடிக்கும்? பனி கரையப் போடுகிற ரோட்டு உப்பு தெறிக்குமா? கடைசியில் தந்தது ஹினோக்கி. ஜப்பான்காரர்கள் கோயில் கட்டுகிற மரம். இசே ஆலயத்தை இருபது வருடத்துக்கு ஒருமுறை இதே மரத்தால்தான் புதிதாக எழுப்புகிறார்கள், கடைசியாக 2013இல். நான் வாங்கியது குட்டை வகை, வருடத்துக்குச் சில சென்ரிமீற்றர்தான் வளரும். விலை லெமனைப் போல நாலு மடங்கு. பாதை வேறு ஒரே சேறு, சப்பாத்தை அங்கேயே விட்டுவிட்டு வரலாம் போலிருந்தது.

கிழக்குப் பக்கம் நடச் சொன்னார். நான் கேட்கவில்லை. சூரியன் படம் மண்டையில் ஏறிவிட்டதே, தென்மேற்கு மூலையில் நட்டேன். மார்ச்சில் பார்த்தால் பாதி மரம் பழுப்பு, வெயில் பட்ட பாதி மட்டும். பெப்ரவரி, மார்ச் வெயிலில் இலை சூடேறித் தண்ணீரை விடுகிறது. நிலம் உறைந்து கிடப்பதால் வேரால் ஈடு கொடுக்க முடிவதில்லை. காற்றும் சேர்ந்தால் இன்னும் மோசம். கோடையில் உயிர் கொடுக்கிற வெயில் இங்கே குளிர்காலக் கடைசியில் மரத்தைக் கருக்கிவிடுகிறது. பக்கத்து வீட்டார் நவம்பரில் தங்கள் சீடர் (cedar) மர உயிர்வேலிக்குச் சாக்குக் கட்டுவதை ஏதோ குளிர்ச் சட்டை என்று நினைத்துச் சிரித்தவன் நான். இப்போது நானும் கம்பு நட்டு, தெற்கும் மேற்கும் மறையச் சாக்குக் கட்டுகிறேன். நிலம் உறையும்வரை ஆழமாகத் தண்ணீர், அடியில் மரத்தூள் மூடாக்கு. பண்ணைக்கு நாலரை. வெட்டிய அரை சேற்றுக்கு.

அந்த அம்மையார் சொல்லி இன்னொன்றும் வாங்கினேன், சைபீரியச் சைப்ரஸ். தரையோடு படர்வது, ரஷ்யாவின் தூரக் கிழக்கு மலைகளிலிருந்து வந்தது. மைனஸ் 30 அதற்கு ஒரு பொருட்டில்லை, பாதி நிழலும் தாங்கும். ஒரே விசேஷம், குளிர்காலத்தில் முழுக்கச் செம்பு நிறமாகிவிடும். ஜனவரியில் அம்மா யன்னலால் பார்த்துவிட்டு, "தம்பி, அதுவும் போச்சுது, புடுங்கி எறி" என்றார். வெளியே போய் ஒரு கிளையை நகத்தால் சுரண்டிக் காட்டினேன், உள்ளே நல்ல பச்சை. ஏப்ரல் வரை பொறுங்கள் அம்மா, பழைய நிறம் வரும் என்றேன்.

"போனதுக்கும் நீ இதைத்தானே சொன்னனீ" என்றார்.