ஊராட்சித் தலைவரா, எம்.எல்.ஏ.வா?

தமிழ்நாட்டுக் கிராமத்திலிருந்து பொதுவாழ்வுக்கு வர நினைப்பவருக்கு இரண்டு வழிகள் உண்டு. ஊராட்சித் தலைவராக 21 வயது போதும். சட்டமன்றத்துக்கு 25 நிரம்ப வேண்டும்.

ஊராட்சித் தலைவர் தேர்தலில் கட்சிச் சின்னம் கிடையாது. மேல்நிலைத் தொட்டியில் தண்ணீர் ஏறவில்லையென்றால் விடிவதற்குள் தலைவர் வீட்டு வாசலில் ஆள் நிற்கும். கிராம சபையில் வரவு செலவை ஊரார் முகத்துக்கு நேரே சொல்ல வேண்டும். காசோலையில் துணைத்தலைவரின் ஒப்பமும் தேவை. அவர் முரண்டு பிடித்தால் மோட்டார் பழுதுபார்க்கும் செலவுகூட நின்றுபோகும். போதாததற்கு, 1994ஆம் ஆண்டுத் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டப்படி மாவட்ட ஆட்சியர் உரிய விசாரணைக்குப் பின் தலைவரை நீக்கவும் முடியும். மக்கள் தேர்ந்தெடுத்தவரை ஓர் அதிகாரி நீக்குவதை என்னால் ஏற்க முடியவில்லை.

எம்.எல்.ஏ.வை ஆட்சியர் தொட முடியாது. ஆனால் அவையில் எப்படி வாக்களிக்க வேண்டும் என்று சொல்லும் கட்சிக் கொறடாவின் உத்தரவை மீறி வாக்களித்தால், 1985இல் வந்த கட்சித் தாவல் தடைச் சட்டத்தால் பதவியே போகலாம். தொகுதி மேம்பாட்டு நிதி கையில் இருந்தாலும் பணிகளை நிறைவேற்றுவது அதிகாரிகள்தான்.

ஆனால் எம்.எல்.ஏ.வின் கை எட்டும் தூரம் வேறு. மேலூர் அருகே தும்பைப்பட்டியில் பிறந்த கக்கன் பொதுப்பணித் துறை அமைச்சராக இருந்தபோதுதான், 1959இல், வைகை அணை திறக்கப்பட்டது. எந்த ஊராட்சித் தீர்மானத்தாலும் அணை கட்ட முடியாது.

பெண்களுக்கு என் பரிந்துரை ஊராட்சிதான்: அங்கே 2016 முதல் பாதி இடங்கள் அவர்களுக்கு. மற்றவர்களும் ஒருமுறை ஊராட்சியில் இருந்துவிட்டுச் சட்டமன்றம் போகட்டும். குடிநீர் மானியக் கோரிக்கையின்போது, அதாவது குடிநீருக்கான நிதி ஒதுக்கீட்டை அவை விவாதிக்கும்போது, பேசுவதற்கு அவர்களிடம் விஷயம் இருக்கும்.