வாட்ஸாப் குழுவா, கூகுள் ஷீட்டா: ரப்பர் பால் கணக்குக்கு எது தாங்கும்?

கன்னியாகுமரி மாவட்டத்தில் குலசேகரம், அருமனை, கடையாலுமூடு, பேச்சிப்பாறை பக்கம் தோட்டக்காரர்களிடம் ரப்பர் பால் வாங்கும் குழு ஒன்றை எடுத்துக்கொள்வோம். எடை போடும் இடம் நாலைந்து, ஒவ்வொன்றுக்கும் ஒரு ஆள், அவர் கையில் ஒரு ஆண்ட்ராய்டு போன். கணக்கு எழுதுபவர் மார்த்தாண்டத்தில். விடியற்காலையில் வெட்டிய பால் காலை 9 மணிக்கு மேல் கேனில் வந்து இறங்கும். அடுத்த இரண்டு மணி நேரத்துக்குள் எடை, டி.ஆர்.சி. (பாலில் உள்ள உலர் ரப்பரின் சதவீதம்), யாருடைய பால் என்ற எல்லாத் தகவலும் மார்த்தாண்டத்துக்குப் போய்ச் சேர வேண்டும். அன்றாட விலைக்கேற்பப் பணம் பிரிப்பதால் ஒரு எண் தப்பினாலும் மாலையில் சண்டைதான். கையில் காசு செலவில்லாமல் கிடைக்கும் கருவிகளில் இந்த வேலையை எது தாங்கும், எது காலை வாரும் என்று பார்ப்போம்.

முதலில் வாட்ஸாப். இதை வேண்டாம் என்று சொல்பவர் எந்த எடைக்கூடத்திலும் ஒரு நாள்கூட நின்றிருக்க மாட்டார். எல்லார் போனிலும் ஏற்கெனவே இருக்கிறது, சிக்னல் ஒரு கோடு இருந்தாலும் செய்தி போய்விடும், சிக்னலே இல்லாவிட்டால் காத்திருந்து பிறகு போகும். "மழ, இண்ணைக்கு வெட்டு இல்ல" என்ற ஒற்றை வரிக்கு இதைவிடச் சிறந்த கருவி கிடையாது. குழுவில் 1,024 பேர் வரை சேரலாம் என்பதால் தோட்டக்காரர்கள் அத்தனை பேருக்கும் விலை சொல்ல ஒன்று, வேலையாட்களுக்கு மட்டும் ஒன்று என்று இரண்டாகப் பிரித்துக்கொள்வது நல்லது. விலை சொல்லும் குழுவில் அட்மின் மட்டும் எழுதலாம் என்ற அமைப்பைப் போட்டுவிட வேண்டும். இல்லையென்றால் காலை வணக்கப் பூக்களுக்கு அடியில் விலை புதைந்துபோகும். அன்றைய விலை குழுவின் மேலேயே நிற்கும்படி 'பின்' (Pin) செய்து வைக்கலாம். ஒரே நேரத்தில் 3 செய்திகள் வரை பின் செய்ய இடம் உண்டு.

சிக்கல் எங்கே தொடங்குகிறது என்றால், இதே குழுவைக் கணக்குப் புத்தகமாகவும் ஆக்கும்போது. "சாரே, பாலு 42, டி.ஆர்.சி. 34" என்று ஒரு செய்தி வருகிறது. அது கேனோடு சேர்த்த எடையா, கேன் கழித்ததா? இன்றைக்கா, நேற்று மாலை அனுப்ப மறந்ததா? கணக்கர் கேட்டால் அரை மணி நேரம் கழித்து "அது நேத்தைக்க கணக்கு சாரே" என்று பதில் வரும். நடுவில் இருபது செய்திகள் ஓடியிருக்கும். அனுப்பிய செய்தியை 15 நிமிடத்துக்குள் திருத்தலாம். "திருத்தப்பட்டது" என்று சின்னதாகக் குறிப்பு வரும். முன்பு என்ன எண் இருந்தது என்பது தெரியாது. இரண்டரை நாள் வரை எல்லாருக்குமாக அழித்துவிடவும் முடியும். குழுவில் யாராவது மறையும் செய்தி வசதியை 7 நாளுக்கு வைத்துவிட்டால், மாதக் கடைசியில் கணக்குப் பார்க்க மேலே உருட்டினால் கடைசி ஒரு வாரம் தவிர எதுவுமே இருக்காது. புதிதாகச் சேர்க்கும் ஆளுக்கும் பழைய செய்திகள் தானாகத் தெரியாது.

எடைச் சீட்டைப் படம் எடுத்து அனுப்பும் வழக்கம் பற்றியும் சொல்ல வேண்டும். சாதாரணமாக அனுப்பும் படத்தை வாட்ஸாப் சுருக்கிவிடும். பால் கறை படிந்த சீட்டில் பால்பாயின்ட் பேனாவால் எழுதிய 1-உம் 7-உம் சுருங்கிய படத்தில் ஒன்றுபோலத் தெரியும். எச்.டி. பொத்தானை அழுத்தி அனுப்பலாம். அதைவிட டாக்குமென்டாக அனுப்பினால் படம் எடுத்தபடியே போகும். இன்னொன்று பலருக்குத் தெரிவதில்லை: ஆண்ட்ராய்டு போனில் வாட்ஸாப் பேக்கப் இப்போது கூகுள் கணக்கின் 15 ஜிபி இலவச இடத்தில்தான் கணக்காகிறது. ஜிமெயில், டிரைவ், போட்டோஸ் எல்லாவற்றுக்கும் அதே 15 ஜிபி. சீட்டுப் படமும் பேரப்பிள்ளை வீடியோவும் சேர்ந்து அதை நிரப்பிவிட்டால் மெயில் வருவது நின்றுவிடும், புதிய ஷீட் திறக்கவும் முடியாது. கணக்கரின் போனில் வாட்ஸாப் பேக்கப்பில் வீடியோவைச் சேர்க்காமல் விடுவது பாதிப் பிரச்சினையைத் தீர்க்கும்.

ஆகவே பேச்சு வாட்ஸாப்பில், எண் ஷீட்டில். பலர் சேர்ந்து இணையத்தில் எழுதும் கணக்குத் தாளான கூகுள் ஷீட்ஸைத்தான் இந்த வேலைக்கு முதலாவதாக வைக்கலாம். ஆனால் திறந்து கொடுத்துவிட்டால் தானாக ஓடும் என்று நினைத்தால் முதல் வாரத்திலேயே கை சுடும். அமைப்பதில்தான் விஷயமே இருக்கிறது.

கம்ப்யூட்டரில் உட்கார்ந்து செய்ய வேண்டிய முதல் வேலை தேதி. கூகுள் கணக்கின் மொழி அமெரிக்க ஆங்கிலமாக இருந்தால் ஷீட்டும் அமெரிக்க முறையில் பிறக்கும். ஜூலை 3 என்று நினைத்து 03/07 என அடித்தால் அது மார்ச் 7 ஆகிவிடும். 13/07 என்று அடித்தால் பதின்மூன்றாவது மாதம் கிடையாது என்பதால் அதைத் தேதியாகவே எடுக்காமல் வெறும் எழுத்தாக இடப்பக்கம் ஒதுக்கி வைக்கும். கண்ணுக்கு இரண்டும் ஒன்றுபோலத்தான் தெரியும். ஆனால் அன்றைய விலையைத் தேடி எடுக்கும் சூத்திரம் முதலாவதற்கு மார்ச் மாத விலையைப் போடும், இரண்டாவதற்குப் பிழை காட்டும். பிழை காட்டுவதாவது பிடிபடும். மார்ச் விலை பிடிபடாது. ஃபைல், செட்டிங்ஸ், லொகேல் என்று போய் இந்தியா என மாற்றினால் சரியாகும். இதைத் தொடக்கத்திலேயே செய்ய வேண்டும், ஏற்கெனவே தப்பாக ஏறிய தேதிகள் பிறகு தானாகத் திருந்தாது.

அடுத்தது டி.ஆர்.சி. கட்டம். ஒரு கேன் பாலை வைத்தே பார்க்கலாம். மொத்த எடை 45.5 கிலோ, காலிக் கேன் 3.5 கிலோ, பால் 42 கிலோ. டி.ஆர்.சி. 34 என்றால் 42-ஐ 34-ஆல் பெருக்கி 100-ஆல் வகுக்க, உலர் ரப்பர் 14.28 கிலோ. எடை போடுபவர் 34 என்று மட்டும் அடிக்காமல் பக்கத்தில் சதவீதக் குறியும் போட்டால் ஷீட் அதை 0.34 என்று எடுத்துக்கொள்ளும். விடை 0.1428 கிலோ. தோட்டக்காரருக்கு ஒரு நாள் உழைப்புக்கு டீக் காசுதான் மிஞ்சும். இதைத் தடுக்க அந்தப் பத்திக்கு (மேலிருந்து கீழ் ஓடும் நெடுவரிசைக்கு) டேட்டா வேலிடேஷன், அதாவது எந்த எண்ணை ஏற்கலாம் என்ற வரம்பு, போட வேண்டும்: எண் 20-க்கும் 50-க்கும் இடையில், தப்பினால் ஏற்காதே. எச்சரிக்கை மட்டும் என்று விட்டால் யாரும் அந்தச் சிவப்பு முக்கோணத்தைப் பார்ப்பதில்லை. வேறு கட்டத்திலிருந்து காப்பி எடுத்து ஒட்டினால் இந்தக் காவல் தப்பிப்போகும், அதனால் ஒட்டாமல் அடிக்கச் சொல்ல வேண்டும்.

டி.ஆர்.சி.க்கு ஒரு பத்தி போதாது, இரண்டு வேண்டும். எடை போடும் இடத்தில் மெட்ரோலாக் என்ற மிதவைக் கருவியை முக்கிப் பார்ப்பது உத்தேச எண். பாலில் தண்ணீர் சேர்ந்திருந்தால் அது ஏமாற்றும். மாதிரிப் பாலை அமிலம் விட்டு உறையவைத்து, மெல்லிய தகடாக்கி, காயவைத்து எடை போட்டுச் சொல்வதுதான் கணக்குக்குரிய எண். அது வரத் தாமதமாகும். ஒரே பத்தி இருந்தால் பிறகு வந்த எண் முதல் எண்ணை அழித்துவிடும். 34 என்று சொல்லிவிட்டு 32 ஆக்கினால் 42 கிலோ பாலில் 0.84 கிலோ உலர் ரப்பர் குறையும். தோட்டக்காரர் கேட்க வந்தால் காட்ட இரண்டு எண்ணும் பக்கத்தில் பக்கத்தில் இருக்க வேண்டும்.

பெயருக்குப் பதில் குறியீட்டு எண் கொடுப்பது கட்டாயம். ஒரே ஆளை ஒருவர் செல்வராஜ் என்பார், ஒருவர் செல்வராசு என்பார், விளவங்கோடு எல்லைப் பக்கம் மலையாளத்தில் எழுதுபவரும் உண்டு. ஷீட்டுக்கு அது மூன்று ஆள். குறியீட்டு எண்ணை டிராப்டவுனில் வைத்துவிட்டால் தேர்ந்தெடுப்பதோடு வேலை முடிந்தது. சூத்திரம் இருக்கும் பத்திகளை டேட்டா மெனுவில் உள்ள புரொட்டெக்ட் வழியாகப் பூட்டி, கணக்கருக்கு மட்டும் திறப்பு வைக்க வேண்டும்.

இவ்வளவையும் சரியாகச் செய்த குழுக்கள்கூட மாட்டுவது ஒரு இடத்தில். மலைப்பக்கம் சிக்னல் வராதபோது ஷீட்டை ஆஃப்லைனில் வைத்துக்கொள்ளலாம். போனில் அந்தக் கோப்பின் மூன்று புள்ளியைத் தொட்டு மேக் அவைலபிள் ஆஃப்லைன் என்று கொடுத்தால் போதும். இப்போது பேச்சிப்பாறையில் ஒருவரும் கடையாலுமூட்டில் ஒருவரும் சிக்னல் இல்லாமல் எழுதுகிறார்கள். இரண்டு பேர் போனிலும் கடைசியாகத் தெரிவது 57-ஆம் வரி, இருவருமே 58-இல் எழுதுகிறார்கள். மதியம் சிக்னல் வந்ததும் இரண்டும் மேலேறும். ஒரே கட்டத்தில் இரண்டு எண் நிற்காது, கடைசியாக ஏறியதுதான் நிற்கும். ஒரு கேன் பால் கணக்கிலிருந்து காணாமல்போகும், யார் மேலும் குற்றம் இல்லை.

இதற்கு மருந்து சுலபம்: எடை போடும் இடத்துக்கு ஒரு டேப், அதாவது அதே ஷீட்டுக்குள் ஒரு தனிப் பக்கம். ஒரு டேப்பில் ஒரே ஆள்தான் எழுத வேண்டும். எல்லா டேப்பையும் ஒன்றாகக் கோத்துக் காட்டும் பக்கத்தைக் கணக்கர் கியூரி (QUERY) சூத்திரத்தில் தனியாக வைத்துக்கொள்ளலாம். குலசேகரம் கடைத்தெரு மாதிரி சிக்னல் நன்றாக இருக்கும் இடங்களில், கேள்விகளுக்குப் பதில் நிரப்பி அனுப்பும் கூகுள் ஃபார்ம் இன்னும் பத்திரம். ஒவ்வொரு பதிவும் தனி வரியாக விழும், ஒன்றை ஒன்று அழிக்காது, பழைய பதிவில் கைவைக்கவும் முடியாது. ஆனால் சிக்னல் இல்லாமல் ஃபார்ம் போகாது. அது தானாகப் பதியும் நேரம் அனுப்பிய நேரம்தான், எடை போட்ட நேரம் அல்ல. தேதிக்குத் தனிக் கேள்வி வேண்டும். ஃபார்ம் வந்து விழும் டேப்பில் சூத்திரத்தைக் கீழே இழுத்து வைத்தாலும் புதிய வரிக்கு அது வராது, கணக்கைப் பக்கத்து டேப்பில் போடுங்கள்.

பகிரும் விதத்தில் இரண்டு சோம்பேறித்தனம் அடிக்கடி கண்ணில் படும். ஒன்று, லிங்க் வைத்திருக்கும் யாரும் திருத்தலாம் என்று திறந்துவிடுவது. கூகுள் கணக்கில் நுழையாமல் வருபவர் தன் பெயரில் இல்லாமல், கூகுள் வைக்கும் ஏதோ ஒரு விலங்கின் பெயரில்தான் தெரிவார். எண்ணை மாற்றியது எந்த நரி என்று கண்டுபிடிக்க முடியாது. மற்றொன்று, ஐந்து போனிலும் ஒரே ஜிமெயிலைப் போடுவது. அப்போது யார் என்ன மாற்றினார் என்று காட்டும் வெர்ஷன் ஹிஸ்டரியில் எல்லாத் திருத்தமும் ஒரே பெயரில் விழும். ஆளுக்கொரு ஜிமெயில், அந்த மெயிலுக்கு மட்டும் அனுமதி என்று இருந்தால், கம்ப்யூட்டரில் ஒரு கட்டத்தை ரைட் கிளிக் செய்து ஷோ எடிட் ஹிஸ்டரி பார்த்தாலே யார் எப்போது 34-ஐ 32 ஆக்கினார் என்பது தெரியும். ஷீட்ஸின் ஆகப் பெரிய பலம் இதுதான், அதைத்தான் முதலில் கெடுத்துக்கொள்கிறார்கள்.

மற்றவற்றைச் சுருக்கமாகவே சொல்லலாம். அலுவலகங்களுக்கான செய்தி ஆப் ஸ்லாக், அதன் இலவசத் திட்டத்தில் கடந்த 90 நாள் செய்திகள்தான் தெரியும். நாகர்கோவிலில் எட்டு பேர் சேர்ந்து மென்பொருள் எழுதும் அலுவலகத்துக்கு ஒரு செய்திக்கு வரும் பதில்களைத் தனியாகக் கோக்கும் அதன் திரெட் வசதி பிடிக்கும், பருவம் முழுக்க நீளும் பால் கணக்குக்குப் பயனில்லை. ஜோஹோ கிளிக்கும் அந்த வகைதான்; அலுவலக மேசைக்கு நல்ல கருவி, ஆனால் எடைத் தட்டு பக்கத்தில் நிற்பவர் இன்னொரு ஆப்பைத் திறந்து பார்க்க மாட்டார். டெலிகிராமில் புதிதாக வருபவருக்கும் பழைய செய்திகளைக் காட்டலாம் என்பது வாட்ஸாப்பைவிட மேல், ஆனால் தோட்டக்காரர்களை அங்கே கூட்டிவருவது யார்? வீடியோ கூட்டத்துக்கு, கூகுள் மீட்டில் மூன்று பேரோ அதற்கு மேலோ என்றால் இலவசத்தில் 60 நிமிடம், ஜூமில் 40 நிமிடம். தென்மேற்குப் பருவமழை நேரத்தில் வீடியோவை அணைத்துவிட்டுப் பேசுங்கள், இல்லை சாதாரண கான்ஃபரன்ஸ் காலே போதும்.

கோப்பு யார் பெயரில் இருக்கிறது என்பதையும் இன்றைக்கே பார்த்துவிடுங்கள். கணக்கர் பையன் தன் சொந்த ஜிமெயிலில் தொடங்கியிருந்தால் அது அவருடைய சொத்து. அவர் வேலையை விட்டுப் போய் அந்த ஜிமெயில் கணக்கை அழித்தால் கோப்பும் போகும். 2 ஆண்டுகள் தொடாமல் கிடக்கும் தனிநபர் கணக்கை கூகுளே அழித்துவிடலாம். குழுவின் பெயரில் ஒரு ஜிமெயில் திறந்து, அதற்குக் கோப்பின் உரிமையை மாற்றுங்கள். மாற்றக் கொடுத்தால் மட்டும் போதாது, அந்த மெயிலுக்குள் போய் ஏற்றுக்கொள்ளவும் வேண்டும். அதன் பாஸ்வேர்டு இரண்டு பேரிடம் இருக்கட்டும், மீட்பு எண்ணாக முதலாளியின் போன். காசு கொடுத்து கூகுளின் நிறுவனச் சேவையான ஒர்க்ஸ்பேஸ் வாங்குவதாக இருந்தால், கோப்பு ஆளுக்குச் சொந்தமாகாமல் நிறுவனத்துக்குச் சொந்தமாகும் ஷேர்டு டிரைவ் அந்தத் திட்டத்தில் உண்டா என்று கேட்டுக்கொண்டு வாங்குங்கள்.

ஒருவர் விலகும் நாளில் ஷீட்டின் பகிர்விலிருந்து அவர் மெயிலை எடுத்துவிட்டு, வாட்ஸாப் குழுவில் அட்மின் இரண்டு பேராவது மிச்சம் இருக்கிறார்களா என்று பாருங்கள். இருந்த ஒரே அட்மின் வெளியேறினால் வாட்ஸாப் தானாகவே வேறு யாரையாவது அட்மின் ஆக்கிவிடும். மறுநாள் விலை சொல்வது யார் கையில் போய் விழும் என்று யாருக்கும் தெரியாது.