செக் கேஸ் தாமதத்தை ஆராய எது ஏற்றது: இணையத் தரவா, வழக்குக் கட்டைப் படிப்பதா, நீதிமன்றத்தில் அமர்ந்து பார்ப்பதா?

காசோலை பணமின்றித் திரும்பும்போது மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-ஆம் பிரிவின் கீழ் வரும் வழக்குகளை எழும்பூரிலும் ஜார்ஜ் டவுனிலும் சைதாப்பேட்டையிலும் எல்லோரும் செக் கேஸ் என்றே சொல்கிறோம். புகார் தாக்கலான நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் விசாரணையை முடிக்க முயல வேண்டும் என்று அதே சட்டத்தின் 143-ஆம் பிரிவு 2003 முதல் சொல்லிவருகிறது. ஆனால் 2019 டிசம்பர் இறுதியில் நாடு முழுவதும் நிலுவையில் இருந்த 2.31 கோடி குற்றவியல் வழக்குகளில் 35.16 லட்சம் இந்த வகையைச் சேர்ந்தவை என்று 2021 ஏப்ரலில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு பதிவு செய்தது. சென்னை நீதிமன்றங்களில் இந்தத் தாமதம் எந்தக் கட்டத்தில், யாரால் ஏற்படுகிறது என்பதைத் தரவுகளைக் கொண்டு ஆராய முற்பட்ட எங்கள் சிறு குழு, மூன்று வழிகளில் ஒன்றைத் தேர்ந்தாக வேண்டியிருந்தது. நீதிமன்றங்களின் வழக்கு விவரங்களைத் தரும் இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் உள்ள பதிவுகளை மொத்தமாகத் திரட்டுவது ஒன்று. சில நூறு வழக்குகளை மட்டும் குலுக்கல் முறையில் எடுத்து ஒவ்வொரு வாய்தாவின் டாக்கெட் பதிவையும், அதாவது அன்று நடந்ததை நீதிமன்றம் எழுதிய குறிப்பையும், மனிதர்களே படித்துக் குறியிடுவது இன்னொன்று; இதையே கட்டைப் படிப்பது என்கிறேன். நீதிமன்றத்தில் அமர்ந்து பார்த்து, வழக்கறிஞர்களிடமும் கட்சிக்காரர்களிடமும் பேசுவது மூன்றாவது. நாங்கள் இரண்டாவதைத் தேர்ந்தோம். என் சாய்வும் அதன் பக்கமே என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

மொத்தத் தரவின் பலங்கள் வெளிப்படையானவை. செலவு குறைவு, எண்ணிக்கை பெரிது, 16 எழுத்துகளும் எண்களும் கொண்ட சி.என்.ஆர். எண் ஒவ்வொரு வழக்கையும் அடையாளம் காட்டிவிடுகிறது. 2010 முதல் 2018 வரையிலான எட்டுக் கோடிக்கும் மேற்பட்ட பதிவுகளைத் திரட்டி, நீதிபதியும் குற்றம் சாட்டப்பட்டவரும் ஒரே மதத்தவராகவோ ஒரே பாலினத்தவராகவோ இருப்பது முடிவை மாற்றுகிறதா என்று பொருளியலாளர்கள் ஆராய்ந்திருக்கிறார்கள். அந்தக் கேள்விக்கு அதைவிடச் சிறந்த வழி இல்லை. நாடு முழுவதற்குமான கேள்விக்கு, முடிவு தண்டனையா விடுதலையா என்ற அளவிலான பதில் போதும் என்றால் மொத்தத் தரவே சரி.

எங்கள் கேள்வி வேறு. ஒரு வழக்குக்கு எத்தனை வாய்தா விழுந்தது என்பதை இணையத் தரவு சொல்லிவிடும். அந்த வாய்தாவைக் கேட்டது யார் என்பதைச் சொல்லாது. அதோடு, பதிவில் உள்ள சொல்லும் நடந்த நிகழ்வும் ஒன்றாக இல்லாத இடங்கள் செக் வழக்குகளில் அதிகம். எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர், வெளியிலேயே பணத்தைக் கொடுத்து முடித்துவிடுகிறார், புகார் கொடுத்த முறையீட்டாளர் அதன்பின் நீதிமன்றத்துக்கு வருவதில்லை, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 256-ஆம் பிரிவின்படி எதிரி விடுவிக்கப்படுகிறார். தரவில் அது 'விடுதலை'. பணம் வாங்கிய முறையீட்டாளரின் கணக்கில் அது வெற்றி. இரண்டையும் பிரிக்காமல் விடுதலை விகிதத்தைக் கணக்கிட்டால், புகார்கள் ஆதாரமின்றித் தொடுக்கப்படுகின்றன என்ற முற்றிலும் தவறான முடிவுக்கு வந்து சேரலாம். தீர்ப்பு வரை செல்லும் வழக்குகள் எல்லா வழக்குகளுக்குமான மாதிரி ஆகா என்று ஜார்ஜ் பிரீஸ்ட்டும் பெஞ்சமின் க்ளைனும் 1984-இல் காட்டியது இதைத்தான்.

எண்ணிக்கைகூட நேராக நிற்பதில்லை. ஒரே வகை வழக்கு சி.சி. (காலண்டர் கேஸ்) எண்ணிலும் எஸ்.டி.சி. (சுருக்கமுறை விசாரணை வழக்கு) எண்ணிலும் பதிவாகிறது. 2014 ஆகஸ்டில் தசரத் ரூப்சிங் ராத்தோட் வழக்கில், காசோலை எந்த வங்கியில் திரும்பியதோ அந்த எல்லைக்கு உட்பட்ட நீதிமன்றத்தில்தான் புகார் கொடுக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. 2015-இல் நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தி, பணம் பெற வேண்டியவரின் வங்கிக் கிளை இருக்கும் இடத்துக்கே அதிகாரத்தை மாற்றியது. இடைப்பட்ட காலத்தில் திருப்பித் தரப்பட்டு வேறு ஊரில் மீண்டும் எண்ணிடப்பட்ட புகார்கள் தரவில் இரண்டு வழக்குகளாகத் தெரியும். இந்த வரலாறு தெரியாதவருக்கு அந்த ஆண்டுகளின் வரைபடம் வழக்குப் பெருக்கத்தைக் காட்டுவது போலத் தோன்றும். பெயரின் கடைசிப் பகுதியைக் கொண்டு சாதியை ஊகிக்கும் முறையும், தந்தை பெயரின் முதலெழுத்தை முன்னால் இட்டு எழுதும் தமிழ்நாட்டில் செல்லுபடியாகாது. வடநாட்டுத் தரவுக்காக வடிவமைத்த கருவியை இங்கே அப்படியே கொண்டுவருபவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

கட்டைப் படிக்கும் முறையில் முதல் கேள்வி, எந்தக் கட்டு என்பது. இன்று நிலுவையில் இருப்பவற்றிலிருந்து எடுத்தால் நீண்டு கிடக்கும் வழக்குகளே அதிகம் சிக்கும். மருத்துவமனை வார்டில் ஒரு நாள் கணக்கெடுத்தால் நெடுநாள் நோயாளிகளே அதிகம் தென்படுவது போல. இந்த ஆண்டு முடிந்தவற்றை மட்டும் எடுத்தால் முடியாதவை விடுபடும். ஆகவே ஒரு குறிப்பிட்ட ஆண்டில் தாக்கலான வழக்குகளின் பட்டியலிலிருந்து குலுக்கி எடுத்து, முடிந்தாலும் முடியாவிட்டாலும் இன்றுவரை பின்தொடர்வதே சரியான வழி. முடியாதவற்றையும் கணக்கில் சேர்த்துக் கால அளவை மதிப்பிட, மருத்துவ ஆய்வுகளில் 1958 முதல் பயன்படும் கப்லான்–மேயர் முறை இங்கே அப்படியே பொருந்துகிறது. எண்ணிக்கையைக் கண்டு அஞ்சவும் தேவையில்லை. சரியாகக் குலுக்கி எடுத்த 400 வழக்குகள் இருந்தால், மொத்தம் நாற்பதாயிரமானாலும் நான்கு லட்சமானாலும், விகிதக் கணக்கில் பிழை ஏறத்தாழ ஐந்து சதவீதப் புள்ளிக்குள் நிற்கும்.

இனி, இந்த ஒப்பீட்டில் எனக்கு எல்லாவற்றையும் விட முக்கியமாகப் படும் செய்திக்கு வருகிறேன். கட்டைப் படிக்கும் ஆய்வின் மதிப்பு முழுவதும், இரண்டு பேர் ஒரே பதிவைத் தனித்தனியாகப் படித்து ஒரே குறியை இடுகிறார்களா என்பதில் இருக்கிறது. 'எதிரி தரப்பில் 317 மனு தாக்கல், அனுமதி. முறையீட்டாளர் ஆஜரில்லை. குறுக்கு விசாரணைக்கு' என்று ஒரு டாக்கெட் பதிவு இருப்பதாக வைத்துக்கொள்வோம். எதிரி அன்று வரவில்லை. வராததற்கு விலக்குக் கேட்டு, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 317-ஆம் பிரிவின் கீழ் மனுப் போட்டுப் பெற்றுவிட்டார். குறுக்கு விசாரணைக்கு நிற்க வேண்டிய முறையீட்டாளரும் வரவில்லை. இந்த வாய்தா யார் கணக்கில் சேரும்? எதிரி வரவில்லை என்பதால் எதிரியால் என்று ஒருவர் குறியிடுவார். 317-இன்படி விலக்கு அளித்த பின் எதிரியின் வழக்கறிஞர் இருந்தாலே குறுக்கு விசாரணையை நடத்தியிருக்கலாம், சாட்சி இல்லாததுதான் தடை என்று இன்னொருவர் முறையீட்டாளரால் என்று குறியிடுவார். இருவரும் சட்டம் தெரிந்தவர்களே. 'பேட்டா செலுத்தினால் எதிரிக்குப் புதிய சம்மன்' என்ற வரியும் அப்படியே: சம்மன் அனுப்பும் செலவுக்கான பேட்டாவைக் கட்டாதது முறையீட்டாளரின் தாமதம், ஆனால் முந்தைய சம்மன் ஏன் எதிரியிடம் சேர்ந்து சார்வு ஆகவில்லை என்பது நீதிமன்ற ஊழியரையோ காவல் நிலையத்தையோ சேர்ந்த கேள்வி.

இத்தகைய பதிவுகளை எப்படிக் குறியிடுவது என்று ஒரு கையேட்டில் எழுதி, புதிய வகைப் பதிவு வரும்போதெல்லாம் அதைத் திருத்தி, திருத்திய பின் பழைய பதிவுகளையும் மறுபடி படிக்க வேண்டும். இதுதான் இந்த முறையின் பராமரிப்புச் செலவு. ஆய்வு தொடங்குவதற்கு முன் எல்லோரும் படிக்கும் நேரத்தைக் கணக்கிடுகிறார்கள். மறுபடி படிக்கும் நேரத்தைக் கணக்கிடுவதில்லை. இருவரின் குறிகள் ஒத்துப்போகும் அளவை வெறும் சதவீதமாகச் சொல்வதும் போதாது. பெரும்பாலான வாய்தாக்கள் ஒரே வகையில் விழும்போது தற்செயலாகவே இருவரும் பெரிதும் ஒத்துப்போவார்கள். தற்செயல் ஒப்புதலைக் கழித்துக் கணக்கிடும் கப்பா அளவை ஜேக்கப் கோஹன் 1960-இல் கொடுத்தார். அதை வெளியிடாத கட்டாய்வை நான் நம்புவதில்லை. எங்கள் குழுவில் இளம் வழக்கறிஞர்கள் இருவர் வாரந்தோறும் முரண்பட்ட குறிகளை எடுத்துவைத்து விவாதித்தார்கள். தாமதம் என்றால் என்ன என்பதைப் பற்றி எந்தப் புள்ளிவிவரத்திலிருந்தும் கிடைக்காத தெளிவு அந்த விவாதங்களில்தான் கிடைத்தது. இயந்திரம் திரட்டிய தரவிலும் இதே முடிவுகளை யாரோ எடுத்திருக்கிறார்கள். எந்தக் கட்டத்தைச் சொடுக்கினார் என்ற அளவில், ஒரு நீதிமன்ற ஊழியர் வேலை நெருக்கடியில் எடுத்திருக்கிறார். வேறுபாடு என்னவென்றால், அந்த முடிவை நம்மால் திறந்து பார்க்க முடியாது.

மூன்றாவது வழியை முழு ஆய்வாகச் செய்ய எங்களுக்கு வசதி இல்லை. ஆகவே அதைப் பற்றிக் குறைவாகவே சொல்ல முடியும். ஆனால் அது இல்லாமல் மற்ற இரண்டையும் தொடங்கக் கூடாது என்று உறுதியாகச் சொல்வேன். இஸ்ரேலின் பரோல் முடிவுகளை ஆராய்ந்து 2011-இல் வெளியான புகழ்பெற்ற கட்டுரை, இடைவேளைக்குப் பின் சுமார் 65 சதவீதமாக இருக்கும் சாதகமான முடிவுகள் அடுத்த இடைவேளை நெருங்கும்போது ஏறத்தாழப் பூஜ்யத்துக்கு இறங்குவதாகக் கூறியது. பசியும் களைப்பும் நீதியை மாற்றுகின்றன என்று உலகமே பேசியது. வழக்குகள் அழைக்கப்படும் வரிசை தற்செயலானதல்ல, வழக்கறிஞர் இல்லாத கைதிகள் பெரும்பாலும் ஒவ்வொரு அமர்வின் கடைசியில் வருகிறார்கள் என்று அதே ஆண்டில் மறுப்பும் வந்தது. அங்கே சில நாட்கள் அமர்ந்து பார்த்தவருக்கு அந்த வரிசையின் காரணம் தெரிந்திருக்கும். நம் நீதிமன்றங்களில் காலையில் வழக்குகளை வரிசையாக அழைக்கும் கால் வொர்க்கில் எந்த வழக்கு முதலில் முடிகிறது, எது பிறகு அழைக்கலாம் என்று பாஸ் ஓவர் ஆகிறது, சீனியர் வேறு கோர்ட்டில் இருக்கிறார் என்று ஜூனியர் சொல்வது டாக்கெட்டில் எந்தச் சொல்லாக மாறுகிறது என்பதெல்லாம் உட்கார்ந்து பார்த்தால்தான் விளங்கும். 256-இன்படி முடிந்த வழக்கில் உண்மையில் பணம் கைமாறியதா என்பதைக்கூட முறையீட்டாளரின் வழக்கறிஞரிடம் கேட்டால்தான் அறியலாம்.

பதிவுகளைப் பெறுவதிலும் ஒரு நடைமுறைச் செய்தி உண்டு. நீதிமன்ற ஆவணங்களின் நகலைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் அல்லாமல் நீதிமன்ற விதிகளின்படி நகல் மனுப் போட்டே பெற வேண்டும் என்று, குஜராத் உயர் நீதிமன்றம் சம்பந்தப்பட்ட வழக்கில் 2020 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மூன்றாம் தரப்பினர் காரணம் காட்டி விண்ணப்பிக்க வேண்டும். எனவே இணையத்தில் தெரியும் அன்றாட டாக்கெட் பதிவை அடிப்படையாகக் கொண்டு, தெளிவில்லாதவற்றுக்கு மட்டும் வழக்கறிஞர்களின் கட்டைக் கேட்டுப் பார்ப்பதே நடைமுறைக்கு ஏற்றது.

இவை அனைத்தும் செக் வழக்கு அனுபவத்திலிருந்து எழுதியவை. அங்கே தரப்பினர் இருவர், கட்டங்கள் சில, டாக்கெட் பதிவு சுருக்கமானது. குடும்ப நீதிமன்ற வழக்குகளுக்கும் பாகப்பிரிவினை வழக்குகளுக்கும் இதே கையேட்டு முறை எவ்வளவு தாங்கும் என்று உறுதியாகச் சொல்லும் அளவுக்கு எனக்கு அனுபவம் இல்லை. இடைக்கால மனுக்கள் கிளை விடும் வழக்குகளில் இருவரின் குறிகள் ஒத்துப்போவது கடினமாகவே இருக்கும் என்று நினைக்கிறேன். செக் வழக்கிலேயே இப்போது தொடங்குபவர்கள் ஒன்றை முன்கூட்டியே செய்ய வேண்டும். 2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாகப் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா நடைமுறைக்கு வந்ததால், 317 மனு 355 மனு ஆகியிருக்கிறது, 256 விடுதலை 279 ஆகியிருக்கிறது, பெருநகர நடுவர் என்ற பதவியே சட்டத்திலிருந்து நீங்கியிருக்கிறது. 2023-இல் தாக்கலான ஒரே வழக்கின் டாக்கெட்டில் இரண்டு எண்களும் வரக்கூடும். கையேட்டின் முதல் பக்கத்திலேயே அவற்றை ஒரே குறியின் கீழ் சேர்த்து எழுதிவிட வேண்டும்.