பே ஏரியாவில் ஜயன்ட்ஸ் ஆட்டம்: பீகாக்கா, யூடியூப் டிவியா, ஆன்டெனாவா, ரேடியோவா?

சான் பிரான்சிஸ்கோ ஜயன்ட்ஸ் பேஸ்பால் அணிக்குச் சீசனில் 162 ஆட்டங்கள். அந்த ஊரைச் சுற்றிய பே ஏரியாவில், ஃப்ரீமான்ட்டிலோ சன்னிவேலிலோ குடியிருப்பவர் அத்தனையையும் ஒரே சந்தாவில் பார்க்க வழியே கிடையாது. நியூ ஜெர்சியில் இருக்கும் மைத்துனர் "எம்எல்பி டிவி போட்டா எல்லா ஜயன்ட்ஸ் ஆட்டமும் வருதே" என்பார். எம்எல்பி டிவி என்பது மேஜர் லீக் பேஸ்பாலின் சொந்த ஸ்ட்ரீமிங் சந்தா. அங்கே உள்ளூர் அணிகளான யாங்கீஸோடும் மெட்ஸோடும் மோதும் நாட்களையும் சில தேசிய ஒளிபரப்புகளையும் கழித்துவிட்டால், அவர் வீட்டில் வரத்தான் செய்யும். அதே பணத்தைக் கட்டி நீங்கள் ஃப்ரீமான்ட்டில் திறந்தால் கறுப்புத் திரைதான். மைதானத்துக்கு எவ்வளவு பக்கத்தில் இருக்கிறீர்களோ அவ்வளவு கஷ்டம் என்பதுதான் இந்த விளையாட்டின் ஒளிபரப்பு விதி. ஆகவே எந்த ஆப் நல்லது என்று விசாரிப்பதற்கு முன்னால், உங்கள் ஜிப் கோடு (அஞ்சல் குறியீடு) எந்த அணியின் எல்லைக்குள் வருகிறது என்று பாருங்கள். எம்எல்பி தளத்திலேயே ஜிப் கோடைப் போட்டுப் பார்க்கும் பக்கம் இருக்கிறது.

பே ஏரியா ஜிப் கோடு போட்டால் இரண்டு பெயர் வரும்: ஜயன்ட்ஸ், அத்லெடிக்ஸ். இந்த இரண்டு அணிகளின் நேரலையும் எம்எல்பி டிவியில் இங்கே வராது; இதுதான் உள்ளூர்த் தடை. அத்லெடிக்ஸ் 2025இல் ஓக்லண்டை விட்டு மேற்கு சாக்ரமென்டோவுக்குப் போய்விட்டாலும் இங்கே தடை போகவில்லை. இதற்கே சலித்துக்கொள்பவர்கள் லாஸ் வேகாஸ்காரர்களை நினைத்துக்கொள்ளலாம். பாலைவனத்தில் இருந்துகொண்டு ஆறு அணிகளுக்கு 'உள்ளூர்' ரசிகர்கள் அவர்கள். அயோவாவிலும் ஆறு. அந்த மாநிலத்தில் ஒரு மேஜர் லீக் அணிகூடக் கிடையாது.

தடை எதற்கு? உள்ளூர் ஒளிபரப்பு உரிமையைப் பிராந்திய விளையாட்டுச் சேனலுக்குப் பெரும் தொகைக்கு விற்றிருக்கிறார்கள். ஜயன்ட்ஸுக்கு அந்தச் சேனல் என்பிசி ஸ்போர்ட்ஸ் பே ஏரியா. அதில் அணிக்கே பங்கு உண்டு. லீக் தன் ஆப்பில் அதே ஆட்டத்தை அதே ஊருக்குக் கொடுத்தால் சேனலை யார் வாங்குவார்கள்? இந்தக் கணக்குதான்.

இனி ஒவ்வொன்றாக. விலையெல்லாம் 2025 சீசனில் இருந்தவை.

எம்எல்பி டிவி: உள்ளூர்க்காரர் காசு கொடுத்து வாங்க வேண்டாம்

முழுச் சந்தா ஆண்டுக்கு 149.99 டாலர். உள்ளூரில் ஜயன்ட்ஸ் நேரலை வராது. வெளியூரில் ஆடினாலும் வராது. "அவே கேம்தானே, வரும்" என்று நினைத்து வாங்கி ஏமாறுபவர்கள் வருடா வருடம் இருக்கிறார்கள். தடை அணியைச் சேர்ந்தது, மைதானத்தைச் சேர்ந்ததல்ல. ஆட்டம் முடிந்து சுமார் 90 நிமிடம் கழித்து முழுப் பதிவு திறக்கும். மாலை 6.45 ஆட்டம் 9.30 வாக்கில் முடிந்தால், நீங்கள் உட்காரும்போது மணி பதினொன்று.

ஆனால் டி-மொபைல் இணைப்பு வைத்திருப்பவர்கள் இதை வேறு கண்ணால் பார்க்க வேண்டும். 2016 முதல் அந்த நிறுவனம் சீசன் தொடங்கும் வாரத்தில் வாடிக்கையாளர்களுக்கு எம்எல்பி டிவியை இலவசமாகக் கொடுத்துவருகிறது. அவர்களுடைய சலுகை ஆப்பில் சில நாட்கள்தான் அது கிடக்கும். அதற்குள் எடுத்துவிட வேண்டும், ஏப்ரல் நடுவில் தேடினால் இருக்காது. நேரலைப் படம் தடைதான். ஆனால் சந்தாவோடு எல்லா அணிகளின் ரேடியோ வர்ணனையும் சேர்ந்து வரும், ரேடியோவுக்கு உள்ளூர்த் தடை கிடையாது. டிராஃபிக்கில் வர்ணனை, இரவில் முழுப் பதிவு, செலவு பூஜ்யம். மாதச் சந்தா எதையும் யோசிப்பதற்கு முன்னால் இதை எடுத்து வையுங்கள்.

விபிஎன் போட்டு ஊரை மாற்றிக் காட்டுவது சந்தா விதிக்குப் புறம்பு. தவிர, ஃபோன் ஆப் ஜிபிஎஸ்ஸையும் பார்ப்பதால் பாதி நேரம் வேலையும் செய்யாது.

பீகாக்கா, யூடியூப் டிவியா

2025 வரை என்பிசி ஸ்போர்ட்ஸ் பே ஏரியா வேண்டுமென்றால் கேபிள், டிஷ், அல்லது யூடியூப் டிவி மாதிரி முழுத் தொகுப்பு வாங்கியே தீர வேண்டும். அந்த வருடம் மார்ச்சில்தான் என்பிசியின் ஸ்ட்ரீமிங் சேவையான பீகாக்கில் அதைத் தனியே சேர்த்துக்கொள்ளும் வசதி வந்தது: மாதம் 17.95 டாலர். விளம்பரத்தில் கண்ணில் படுவது இந்தத் தொகைதான். அதன் அடியில் பீகாக்கின் அடிப்படைச் சந்தாவும் இருக்க வேண்டும்; அது 2025 ஜூலையில் 10.99 ஆனது. ஆக மாதம் 28.94.

யூடியூப் டிவி மாதம் 82.99. ஆறு மாதத்துக்குப் பெருக்கினால் பீகாக் வழி சுமார் 174 டாலர், யூடியூப் டிவி சுமார் 498. பேஸ்பாலுக்காக மட்டும் என்றால் இதில் யோசிக்க ஒன்றுமில்லை. வீட்டில் செய்தி, என்எஃப்எல் (அமெரிக்கன் ஃபுட்பால்), குழந்தைகள் சேனல் எல்லாம் ஓடுகிறதென்றால் கணக்கு மாறும்: யூடியூப் டிவியில் ஃபாக்ஸ், என்பிசி, டிபிஎஸ், இஎஸ்பிஎன் எல்லாம் ஒரே இடத்தில் இருப்பதால் தேசிய ஒளிபரப்பு ஆட்டங்களுக்கு அலைய வேண்டாம். பதிவு செய்து வைக்கும் வசதியும் அதில் தாராளம். வேலையை முடித்துவிட்டு எட்டு மணிக்கு முதல் இன்னிங்ஸிலிருந்து பார்க்கலாம்.

பில் தேதியில் ஒரு சின்னச் சிக்கல் உண்டு. ஜயன்ட்ஸின் 2025 சீசன் மார்ச் 27இல் தொடங்கி செப்டம்பர் 28இல் முடிந்தது. முதல் நாளே சேர்ந்தவரின் ஆறாவது மாதம் செப்டம்பர் 26 அன்று தீர்ந்துவிடும். கடைசி இரண்டு ஆட்டங்களுக்காக ஏழாவது பில். ஜயன்ட்ஸ் பிளேஆஃப் போட்டியில் இருந்தால் கட்டுங்கள், இல்லையென்றால் 26ஆம் தேதியோடு நிறுத்திவிட்டுக் கடைசி இரண்டையும் ரேடியோவில் கேளுங்கள். பிளேஆஃபுக்கு இந்தச் சந்தா எப்படியும் உதவாது. பின்சீசன் ஆட்டங்கள் முழுவதும் தேசியச் சேனல்களில்தான்.

பீகாக் வழி உள்ளூர் எல்லைக்குள் மட்டுமே செல்லும். ஆபீஸ் வேலையாகச் சிகாகோ போனால் அது அடங்கிவிடும். அங்கே எம்எல்பி டிவி திறக்கும். இரண்டும் ஒன்றுக்கொன்று நேர் எதிர் என்பதை நினைவில் வைத்தால் போதும்.

கேபிள் வைத்திருப்பவர்களுக்கு ஒரே வரி: இந்தச் சேனல் உங்கள் தொகுப்பில் இருக்கிறதா, அல்லது மேல் தொகுப்புக்குத் தள்ளிவிட்டார்களா என்று கேட்டுக்கொள்ளுங்கள். பில்லில் பிராந்திய விளையாட்டுக் கட்டணம் என்று தனியே ஒரு வரி இருக்கலாம். விளம்பர விலையில் அது சேர்ந்திருக்காது.

உள்ளூர்ச் சேனலில் வராத ஆட்டங்கள்

உள்ளூர்ச் சேனலுக்குப் பணம் கட்டியவருக்கும் சில ஆட்டங்கள் கைநழுவும். 2025இல் வெள்ளி இரவு ஆப்பிள் டிவி பிளஸ், சனிக்கிழமை ஃபாக்ஸ், ஞாயிறு பகலில் ரோக்கு, ஞாயிறு இரவு இஎஸ்பிஎன் என்று அவரவர் தனியுரிமையாக வைத்திருந்தார்கள். 2026 முதல் ஞாயிறு இரவு ஆட்டம் என்பிசியிடம். எம்எல்பி டிவியை விற்பதும் அதே வருடம் முதல் இஎஸ்பிஎன் கையில். அந்த வருடத்தின் தொடக்க ஆட்டமே, யாங்கீஸ் ஜயன்ட்ஸின் மைதானமான ஓரக்கிள் பார்க்குக்கு வரும் ஆட்டம், நெட்ஃபிளிக்ஸுக்கு விற்கப்பட்டது. சொந்த ஊரில் நடக்கும் முதல் ஆட்டம், உள்ளூர்ச் சேனலில் கிடையாது!

ஆகவே அணியின் அட்டவணையில் தேதிக்கு நேரே இருக்கும் ஒளிபரப்புப் பத்தியைத் திங்கள்கிழமையே பார்த்துவிடுவது நல்லது. ஏழு மணிக்குச் சேனலை மாற்றி மாற்றித் தேடும்போது இரண்டு இன்னிங்ஸ் போய்விடும். ஆப்பிளில் ஒரு நல்ல வசதி: படத்தை வைத்துக்கொண்டு, ஒலியை மட்டும் உள்ளூர் ரேடியோ வர்ணனைக்கு மாற்றலாம்.

ஆன்டெனா: ஒரு முறை செலவு, ஆனால் நீளம் முக்கியம்

கூரை ஆன்டெனாவோ ஜன்னல் ஆன்டெனாவோ, மாதச் செலவில்லாமல் இரண்டு சேனல்களைத் தரும்: ஃபாக்ஸ் வரும் கேடிவியூ 2, என்பிசி வரும் கேஎன்டிவி 11. முதலாவதில் சனிக்கிழமை ஆட்டங்களும், சீசனின் இறுதியான உலகத் தொடரும். இரண்டாவதில் ஜயன்ட்ஸின் உள்ளூர் ஆட்டங்கள் சில. 162ஐயும் எதிர்பார்க்காதீர்கள், இது துணை வழிதான்.

சிக்கல் 11இல்தான். கடையில் விற்கும் காகிதம் போன்ற தட்டை ஆன்டெனா பெரும்பாலும் யூஎச்எஃப் அலைக்குச் செய்தது. கேஎன்டிவி ஒளிபரப்புவது அதைவிட நீளமான விஎச்எஃப் அலையின் மேல் பட்டையில், 210 மெகாஹெர்ட்ஸுக்குச் சற்று மேலே. அந்த அலையின் பாதி நீளம் ஏறத்தாழ 70 செ.மீ. அதனால் பழைய முயல்காது ஆன்டெனாவே இதற்குத் தோது: இரண்டு கம்பிகளையும் தலா 35 செ.மீ. அளவுக்கு இழுத்து, கிடைமட்டமாக விரித்து, சான் புரூனோ மலைப் பக்கம் அகலவாட்டில் காட்ட வேண்டும். கம்பியை முழுசாக இழுத்தால் நன்றாக வரும் என்பது பொய். முழு நீளத்தில் இந்தச் சேனல் கெட்டுப்போகும். அளவு நாடா கையில் இல்லையென்றால், ஒரு அடிக்கோலைவிடச் சற்று நீளம் என்று வைத்துக்கொள்ளுங்கள். இடத்தை மாற்றினால் டிவியில் மறுபடியும் சேனல் ஸ்கேன் போட வேண்டும். போடாமல் ஆன்டெனாவைக் குறை சொல்லக் கூடாது.

ரேடியோ: கேஎன்பிஆர் 680

எல்லா ஆட்டமும், தடையில்லாமல், இலவசமாக வரும் ஒரே வழி இதுதான். பிளேஆஃபும் உண்டு. கேஎன்பிஆர் 680 ஏஎம்மில் 50,000 வாட். 2019 முதல் 104.5 எஃப்எம்மிலும் வருகிறது. வர்ணனையில் ஜான் மில்லர். பேஸ்பால் வர்ணனையாளர்களுக்கான ஃபோர்டு ஃப்ரிக் விருதை 2010இல் பெற்றவர். அகில இந்திய வானொலியில் அப்துல் ஜப்பாரின் தமிழ்க் கிரிக்கெட் வர்ணனையைக் கேட்டு வளர்ந்த காதுக்கு, மில்லர் பந்தைத் துரத்திச் சொல்லும் விதம் அந்நியமாகப் படாது. பேஸ்பால் விதி தெரியாதவர்கள் டிவியைவிட ரேடியோவில் சீக்கிரம் கற்றுக்கொள்வார்கள் என்பது எங்கள் அபிப்பிராயம். படம் இல்லாததால் எண்ணிக்கை, அவுட், யார் எந்த பேஸில் என்பதை வர்ணனையாளர் விடாமல் சொல்லியாக வேண்டும்.

கிழக்குக் கரையில் ஆடும்போது ஆட்டம் இங்கே மாலை நாலு மணிக்கே தொடங்கிவிடும். ஆபீஸிலிருந்து கிளம்பி 880 நெடுஞ்சாலையில் ஊர்ந்துகொண்டிருக்கும் நேரத்துக்கு டிவி எதற்கு ஆகும்?

எது எங்கே கெடும்: எஃப்எம் குன்றின் மறைவில் மங்கும், ஏஎம் அதைத் தாண்டி வரும். ஏஎம்முக்கு எதிரி வீட்டுக்குள்ளேயே இருக்கிறது. மலிவான எல்இடி பல்பு, ஃபோன் சார்ஜர், விளக்கொளியைக் குறைக்கும் டிம்மர் ஸ்விட்ச் மூன்றும் 'கிர்ர்' என்று இரையும். ஒவ்வொன்றாகப் பிடுங்கிப் பார்த்தால் குற்றவாளி சிக்கும். பிறகு ரேடியோவை மேஜையிலேயே மெதுவாகச் சுற்றுங்கள். உள்ளே இருக்கும் ஃபெரைட் தண்டு, நிலையத்துக்குக் குறுக்கே நிற்கும்போது பலமாக வாங்கும். நேரே நீட்டி நின்றால் ஒலி அமுங்கிவிடும். கால் சுற்றில் வித்தியாசம் காதுக்கே தெரியும். டெஸ்லா போன்ற சில மின்சாரக் கார்களில் ஏஎம்மே கிடையாது, அவர்களுக்கு 104.5 அல்லது ஆப்.

ஆப் என்றால் எம்எல்பியின் ஆடியோ சந்தா, ஆண்டுக்கு 29.99 டாலர். நிலையத்தின் இணைய ஒலிபரப்பைத் திறந்தால் ஆட்ட நேரத்தில் வேறு நிகழ்ச்சி ஓடலாம். பழுது என்று நினைக்க வேண்டாம், இணைய உரிமை லீக்கிடம் இருக்கிறது. சிரியஸ்எக்ஸ்எம் செயற்கைக்கோள் ரேடியோ காரில் இருந்தால் அதிலும் எல்லா ஆட்டமும் உண்டு. ஆனால் செயற்கைக்கோள் சேனல் பொதுவாக ஆட்டம் நடக்கும் ஊர் அணியின் வர்ணனையைத்தான் கொடுக்கும். ஜயன்ட்ஸ் டென்வரில் ஆடினால் ராக்கீஸ்காரர் குரல்தான். இரண்டு அணி வர்ணனையும் வேண்டுமென்றால் அதன் ஆப்புக்குப் போக வேண்டும்.

படத்தை டிவியிலும் குரலை ரேடியோவிலும் வைத்துப் பார்க்க விரும்புகிறவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். காற்றில் வரும் ஏஎம், டிவியைவிடச் சில விநாடி முந்தும். ஸ்ட்ரீமிங்கோடு ஒப்பிட்டால் அரை நிமிடம்கூட முந்தலாம். ஹோம்ரன் சத்தம் கேட்கும்போது திரையில் பிட்சர் இன்னும் தொப்பியைச் சரிசெய்துகொண்டிருப்பார். முந்துகிற ரேடியோவை நிறுத்தி வைக்க முடியாது. ஆப் வழி வரும் ஆடியோ பெரும்பாலும் டிவிக்குப் பின்னால் வரும் என்பதால் அதைப் பயன்படுத்தி, டிவியை ஓரிரு தடவை நிறுத்தி நிறுத்தி ஓட்டி, பேட்டில் பந்து படும் சத்தத்தை வைத்துச் சேர்த்துவிடலாம். விளம்பர இடைவேளைக்குப் பிறகு மறுபடியும் நழுவும், மறுபடியும் சேர்க்க வேண்டும். அதற்கு முன்னால் ஃபோனில் ஸ்கோர் அறிவிப்பை அணைத்துவிடுங்கள். அது திரையை முந்திக்கொண்டு வரலாம்.